ஓடவிடும் முன் பத்து நிமிடம்

கேள்வி: எங்களுக்குப் பெருந்துறைப் பக்கம் தோட்டம். போன ஆடியில் அந்தியூர் குருநாதசாமி கோயில் குதிரைச் சந்தையில் ஏழு வயதுக் கத்தியவார் பெண்குதிரை ஒன்றை வாங்கினேன். நான் வேலைக்குப் போவதால் வார நாட்களில் அது லாயத்தில்தான் நிற்கும். கொள்ளும் தவிடும் வேளை தவறாமல் வைத்துவிடுகிறோம். ஞாயிறு காலையில் சேணம் பூட்டி, தோட்டத்து வாசலிலிருந்தே ஓட்டமாக விட்டு, கீழ்பவானி வாய்க்கால் கரை வரை போய்த் திரும்புவேன். மூன்று வயதுச் சிப்பிப்பாறை ஆண் நாயும் இருக்கிறது. அதைக் காரில் ஏற்றிக்கொண்டு போய்க் காலி மைதானத்தில் அவிழ்த்துவிட்டால் அம்பாகப் பறக்கும். சென்ற மாதம் ஒருநாள் ஓடி முடித்ததும் வலது பின்னங்காலைத் தூக்கியபடி நடந்தது. மறுநாள் சரியாகிவிட்டது. குதிரையேற்றம் பழகிய நண்பர், "நமக்கு வேண்டியதுபோல அதுகளுக்கும் வார்ம் அப் வேண்டும்" என்கிறார். எங்கள் அப்பாரோ, "அந்தக் காலத்துல முயலுக்குப் போறப்ப எந்த நாயி தண்டால் எடுத்துட்டு ஓடுச்சு?" என்று கேட்கிறார். பங்குனி, சித்திரையில் நம் ஊரில் காலை ஏழு மணிக்கே உடம்பு காந்துகிறது. இதில் தனியாக வேறு சூடேற்ற வேண்டுமா? குதிரையின் முன்னங்காலைப் பிடித்து இழுத்து நீட்டிவிடும் வீடியோக்களையும் பார்த்தேன். அதைச் செய்யலாமா?
— ஈரோடு மாவட்ட வாசகர்

பதில்: இரண்டுக்குமே கட்டாயம் வேண்டும். உங்கள் குதிரைக்கு அவசரமாக வேண்டும்.

முதலில் உங்கள் அப்பாருவிடம் ஒன்று கேளுங்கள். அந்தக் காலத்தில் நாயோடு எவ்வளவு தூரம் நடந்த பிறகு முயல் கிளம்பியது? இருட்டோடு புறப்பட்டு, மேட்டாங்காடு மேட்டாங்காடாக நடந்து, நாய் வரப்பேறி இறங்கி, புதர் புதராக முகர்ந்து, மணிக்கணக்கில் அலைந்த பிறகுதான் பாய வேண்டிய வேளை வந்திருக்கும். தண்டால் எடுக்கவில்லைதான். அதற்கு வேண்டியதை அந்த நடையே கொடுத்துவிட்டது. (முயல் வேட்டை இப்போது 1972-ஆம் ஆண்டு வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டப்படி குற்றம் என்பதையும் சொல்லிவிடுகிறேன்.) உங்கள் சிப்பிப்பாறையோ இரவெல்லாம் படுத்துக் கிடந்து, கார் இருக்கையில் சுருண்டு வந்து, கதவைத் திறந்ததும் உச்ச வேகத்துக்குப் போகிறது. குதிரைக்கும் இதே கதைதான். தன்போக்கில் திரியும் குதிரை நாளில் பாதிக்கு மேல் மேய்ந்துகொண்டே நடக்கும். அதன் கால்கள் முழு ஓய்வுக்குப் போவதே அரிது. திடீரென மிரண்டு ஓடினாலும் முதுகில் ஆள் இருப்பதில்லை. அப்படியிருந்தும் காட்டில் காலொடிந்து போகிற பிராணிகள் உண்டு. அவை பிழைப்பதில்லை என்பதால் நம் கண்ணில் படுவதில்லை, அவ்வளவுதான்.

கயிற்றை அவிழ்த்த மாத்திரத்தில் இரண்டும் பாயத் துடிக்கும். அந்தத் துடிப்பைப் பார்த்து, உடம்பு தயாராகிவிட்டது என்று நாம் எண்ணிக்கொள்கிறோம். ஓட ஆசைப்படுவது வேறு, ஓடத் தயாராக இருப்பது வேறு. மனிதர் என்றால் தொடை பிடிக்கிறது என்று தானே நின்றுகொள்வார். குதிரையும் நாயும் வேகம் ஏறிவிட்டால் வலியை மறந்து ஓடுகிற பிராணிகள். விட்டால் ஓடும், தட்டிவிட்டால் இன்னும் ஓடும். ஆகவே எந்த நிமிடத்தில் ஓடலாம் என்பதை முடிவு செய்யும் பொறுப்பு கயிற்றைக் கையில் பிடித்திருப்பவருடையது. இதில் நான் யாருக்கும் சலுகை தர மாட்டேன்.

உள்ளே என்ன நடக்கிறது என்று தெரிந்தால் உங்களுக்கே பொறுமை வந்துவிடும். நிற்கும் குதிரையின் இதயம் நிமிடத்துக்கு 30 முதல் 40 முறை துடிக்கும். நாலுகால் பாய்ச்சலில் அது 220-க்குப் போகும். நமக்கு மூன்று மடங்கு ஏறுவதே பெரிது, குதிரைக்கு ஐந்தாறு மடங்கு. ஓய்வில் இருக்கையில் குடலும் மற்ற உறுப்புகளும்தான் ரத்தத்தின் பெரும்பங்கை வாங்கிக்கொள்கின்றன. முழு ஓட்டத்தில் இதயம் தள்ளுவதில் பத்தில் எட்டுப் பங்குக்கு மேல் தசைகளுக்கே போயாக வேண்டும். இந்த மடைமாற்றத்துக்கு நேரம் பிடிக்கும். இதற்கு மேல் குதிரையின் மண்ணீரல் ஒரு வேலை செய்கிறது. நிற்கும்போது உடம்பின் சிவப்பணுக்களில் ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கை அது தன்னிடம் சேமித்து வைத்திருக்கும். உழைப்புக் கூடக் கூடச் சுருங்கி, அவற்றை ரத்தத்தில் கலந்துவிடும். ரத்தத்தில் 35 முதல் 40 விழுக்காடாக இருந்த சிவப்பணுக்கள் 60-ஐத் தாண்டிவிடும். நாய்க்கும் இந்த ஏற்பாடு உண்டு.

நடையும் சிறு ஓட்டமுமாகத் தொடங்கிய குதிரையில், பாய்ச்சல் வரும் நேரத்துக்கு இந்த ரத்தம் தசைக்கு வந்து சேர்ந்திருக்கும். லாய வாசலிலிருந்தே பாய்ந்த குதிரைக்கு அது வந்து சேர்ந்திருக்காது. முதல் சில நிமிடங்களில் ஆக்சிஜன் பற்றாமல், தசை தன் சேமிப்பைத்தான் எரிக்கும். லாக்டிக் அமிலம் சேரும், சீக்கிரம் களைக்கும். களைத்த குதிரைதான் இடறும். வாய்க்கால் கரையில் அது இடறினால் விழப்போவது குதிரை மட்டுமல்ல.

சித்திரை வெயிலைப் பற்றிக் கேட்டிருந்தீர்கள். வெயில் சுடுவது தோலை. தொடைத் தசையின் ஆழத்தில் வெப்பம் ஏற வேண்டுமென்றால் அந்தத் தசை சுருங்கி விரிய வேண்டும், வேறு வழியில்லை. அந்த வெப்பம் ஒரு டிகிரி ஏறினாலே தசை நன்றாக நீண்டு கொடுக்கும், நரம்பின் கட்டளை விரைவாகப் போய்ச் சேரும், ரத்தம் ஆக்சிஜனை எளிதாக இறக்கிவைக்கும். மூட்டுக்குள் இருக்கும் வழவழப்பான நீரும், மார்கழிக் காலையில் இறுகிய தேங்காயெண்ணெய் உள்ளங்கையில் தேய்க்கத் தேய்க்க இளகுவதுபோல, அசைய அசையத்தான் இளகும். கற்பூரத் தைலம் தேய்த்துவிட்டால் போதாதா என்று சிலர் கேட்பார்கள். போதாது. அதில் தோல்தான் காந்தும், தசைக்கு ஒன்றும் ஆகாது.

உங்கள் கடிதத்தில் என்னை உண்மையிலேயே கவலைப்படுத்தியது ஞாயிற்றுக்கிழமைதான். ஆறு நாள் கட்டிலேயே நிறுத்தி, கொள்ளைக் குறைக்காமல் வைத்து, ஏழாம் நாள் எடுத்த எடுப்பில் ஓட்டமாக விட்டால் குதிரையின் தசைகள் வெந்ததுபோல் இறுகிக்கொள்ளும் ஒரு நோய் இருக்கிறது. வண்டிக் குதிரைகள் ஞாயிறு ஓய்வில் வயிறு நிறையத் தானியம் தின்றுவிட்டு மறுநாள் வேலைக்கு வந்ததும் விழுந்ததால், மேல்நாடுகளில் அதற்குத் திங்கட்கிழமை நோய் என்றே பெயர் இருந்தது. ஓட ஆரம்பித்த சிறிது நேரத்தில் நடை குறுகும். பின்தொடையும் இடுப்பும் கல்லாக இறுகும். வேர்த்துக் கொட்டும். பிறகு அசையவே மறுக்கும். கெட்டுப்போன தசையின் சாயம் இறங்கி, சிறுநீர் கறுத்த காப்பி நிறத்தில் போகும். சிறுநீரகமே பழுதாகிவிடலாம். அப்படி ஏதாவது கண்டால் இறங்கிவிடுங்கள். நடத்திச் சரிசெய்கிறேன் என்று ஓரடிகூட நடத்தாதீர்கள். சேணத்தை இறக்கி, நிழல் கட்டி, தண்ணீர் வைத்து, மருத்துவரை அங்கேயே வரவழையுங்கள்.

இது வராமல் காப்பது எளிது. வேலை இல்லாத நாளில் கொள்ளைப் பாதிக்கும் கீழே குறையுங்கள். வயிற்றைப் புல்லும் சோளத்தட்டும் நிரப்பட்டும். தினமும் அரை மணி நேரமாவது யாராவது கையில் பிடித்து நடத்த வேண்டும். வேலி போட்ட காலி நிலம் இருந்தால் பகலில் அதில் அவிழ்த்துவிடுவது இன்னும் நல்லது. ஞாயிறு காலை என்னதான் பக்குவமாகத் தொடங்கினாலும், ஆறு நாள் முடக்கத்தை அந்தப் பத்து நிமிடம் ஈடுகட்டாது.

இனி ஞாயிறு காலைக்கு வருவோம். சேணத்தை வைத்ததும் வயிற்றுவாரை ஒரே மூச்சில் இறுக்காதீர்கள். நழுவாத அளவுக்குக் கட்டி, கையில் பிடித்துச் சில நிமிடம் நடத்துங்கள். மார்பு விரிந்து மூச்சு சீரான பிறகு இன்னும் இரண்டு துளை இறுக்கி ஏறுங்கள். குதிரையின் முன்னங்கால்கள் எலும்பால் உடம்போடு பூட்டப்பட்டவை அல்ல. தோள்பட்டைத் தசைகள்தான் இரண்டு பக்கமும் மார்பைத் தாங்கித் தொங்கவிட்டிருக்கின்றன. உடம்பின் எடையில் ஏறத்தாழ அறுபது விழுக்காடு முன்னங்கால் பக்கம்தான் விழுகிறது. அதன்மேல் நம் எடையும் சேர்கிறது. அந்தத் தசைகள் பாரத்துக்குப் பழக அவகாசம் வேண்டும்.

ஏறியதும் பத்து நிமிடம் வெறும் நடை. கடிவாள வாரைத் தளர்த்திப் பிடியுங்கள், அது கழுத்தைத் தாழ்த்தி நீட்டிக்கொள்ளட்டும். இந்த நடை சோம்பல் நடையாக இருக்கக் கூடாது, எங்கோ போய்ச் சேர வேண்டும் என்பதுபோல எட்டி நடக்க வேண்டும். லத்தி போட நின்றால் விடுங்கள். பிறகு ஐந்து முதல் எட்டு நிமிடம் ட்ராட், அதாவது சிறு ஓட்டம். கத்தியவார் குதிரைகள் சிலவற்றுக்கு ரேவால் என்கிற அலுங்காத நடை வரும், உங்களுடையதற்கு வந்தால் அதையே வைத்துக்கொள்ளலாம். தோட்டத்தில் இடமிருந்தால் பெரிய வட்டமாகப் போங்கள், இடப்பக்கமும் வலப்பக்கமும் மாற்றி மாற்றி. சிறு வட்டம் வேண்டாம், குளிர்ந்த மூட்டைத் திருகிவிடும். அதன் பிறகு கொஞ்ச தூரம் இளம் பாய்ச்சல், மறுபடி இரண்டு நிமிடம் நடை. இதற்குள் மூக்கை உதறிப் பெருமூச்சு விடும், கடிவாளத்தை மென்றுகொண்டே வரும், வால் இறுக்கமில்லாமல் ஆடும், முதுகு உங்களுக்குக் கீழே இளகி அசையும், கழுத்தில் லேசாக ஈரம் தட்டும். இவை தெரிந்தால் ஓட்டலாம். தெரியாவிட்டால் நேரம் ஆகிவிட்டதே என்று பார்க்காமல் இன்னும் ஐந்து நிமிடம் நடத்துங்கள். வயதான குதிரை என்றால் மொத்த நேரத்தையும் ஒன்றரை மடங்காக்கிக்கொள்ளலாம்.

முழங்காலுக்குக் கீழே குதிரைக்குத் தசை என்று சொல்லும்படி ஒன்றுமில்லை. அங்கே இருப்பது தசைநாண். பாய்ச்சலில் ஒவ்வொரு முறை கால் ஊன்றும்போதும் முன்னங்காலின் பின்புறத் தசைநாண் தன் நீளத்தில் பத்தில் ஒரு பங்குக்கு மேல் இழுபட்டுச் சுருங்குகிறது. பந்தயக் குதிரைகளில் அதன் உட்பகுதி வெப்பம் 45 டிகிரி வரை ஏறியதை அளந்திருக்கிறார்கள். ஆகவே நாணைப் பொறுத்தவரை சூடு பற்றவில்லை என்பதைவிட, சூடும் இழுவையும் மிஞ்சிப்போவதே ஆபத்து. பத்து நிமிட நடை தசையையும் மூட்டையும் காக்கும். நாணைக் காப்பது நீங்கள் ஓட்டும் தரையும் தூரமும்தான். தார் ரோட்டில் நடையோடு நிறுத்திக்கொள்ளுங்கள். பாய்ச்சலை மண்தடத்துக்கு வைத்துக்கொள்ளுங்கள்.

காலை இழுத்து நீட்டுவது: ஓட்டத்துக்கு முன் வேண்டாம். குளிர்ந்த தசையைக் கையால் இழுத்துப் பிடித்து வைத்திருப்பதால் காயம் குறைவதாகத் தெரியவில்லை, சற்று நேரத்துக்குத் தசையின் வலுவே குறைந்துவிடும். வயிற்றுவாரைக் கட்டியபின் முன்னங்காலை மெல்லத் தூக்கி ஒருமுறை முன்னே கொண்டுவருவது வேறு. வாருக்கு அடியில் மடிந்த தோல் சரியாவதற்காகச் செய்வது அது, செய்யலாம். ஒரு கேரட்டைக் காட்டி, கழுத்தைத் தானாகவே இருபுறமும் விலாவரை திருப்ப வைப்பது நல்ல பழக்கம். அதை ஓடி வந்த பிறகு, உடம்பு இளகியிருக்கும்போது செய்யுங்கள்.

வெயில் காலத்தில் இதே முறையைச் சுருக்கிக்கொள்ள வேண்டும், விட்டுவிடக் கூடாது. எரிக்கும் சக்தியில் கால் பங்கு அளவுதான் ஓட்டமாகிறது, மீதியெல்லாம் உடம்பில் வெப்பமாகச் சேர்கிறது. பங்குனி தொடங்கியதும் ஆறு மணிக்கு முன்பே லாயத்தை விட்டு வெளியே வந்துவிடுங்கள். நடையைக் குறைக்காமல், ட்ராட்டை மூன்று நான்கு நிமிடத்தோடு முடியுங்கள். முந்தைய நாள் மழை பெய்து காற்று புழுங்குகிறது என்றால் அன்று நடை மட்டும் போதும்.

ஓடி வந்த குதிரை மேல் உடனே தண்ணீர் ஊற்றக் கூடாது, பிடித்துக்கொள்ளும் என்று நம் ஊரில் ஆழமாக நம்புகிறார்கள். 1996 அட்லாண்டா ஒலிம்பிக்குக்கு முன், அந்த ஊரின் கோடைப் புழுக்கத்தில் குதிரைகளை எப்படிக் காப்பது என்று நிறைய ஆராய்ந்தார்கள். குளிர்ந்த நீரை விடாமல் ஊற்றுவதுதான் உடம்பை வேகமாக ஆற்றியது, யாரும் பயந்ததுபோல் தசை பிடித்துக்கொள்ளவில்லை. ஆகவே தாராளமாக ஊற்றுங்கள், கழுத்து, மார்பு, தொடை என்று எல்லா இடத்திலும். குடிக்கவும் கொடுங்கள். கடும் உழைப்பில் ஒரு மணி நேரத்துக்கு 10 லிட்டருக்கு மேல் வேர்க்கும் பிராணி அது. தாகத்தோடு கட்டிப்போடுவதற்கு எந்த நியாயமும் இல்லை.

இப்போது நாய். சிப்பிப்பாறை, கன்னி, ராஜபாளையம் எல்லாம் கண்ணால் கண்டு துரத்துவதற்காக வளர்த்தெடுத்த இனங்கள். கிரேஹவுண்டைப் போலவே ஒவ்வொரு பாய்ச்சலிலும் இரண்டு முறை நாலு காலும் தரையை விட்டு எழும்பும், சில எட்டுகளிலேயே உச்ச வேகத்தைத் தொட்டுவிடும். அந்தத் தள்ளுவிசை முழுவதும் பின்தொடையிலிருந்து வருகிறது. உட்தொடைத் தசை கிழிவது பந்தய கிரேஹவுண்டுகளுக்கு அடிக்கடி வரும் காயம். குளிர்ந்த உடம்போடு, நின்ற இடத்திலிருந்து பாயும் நாய்க்கு அது வர எல்லா வாய்ப்பும் இருக்கிறது. பந்தை எறிந்து துரத்தவிடுவது இன்னும் மோசம். பாய்ச்சலோடு திடீர்த் திருப்பமும் சேர்ந்துகொள்ளும்.

மைதானத்துக்குக் கொஞ்ச தூரம் முன்னாலேயே காரை நிறுத்துங்கள். கயிற்றில் பிடித்து ஐந்து நிமிடம் நடத்துங்கள். முகரட்டும், சிறுநீர் கழிக்கட்டும், அந்த முகர்தலிலேயே பாதிப் பரபரப்பு அடங்கிவிடும். பிறகு நீங்களும் மெல்ல ஓட, இரண்டு மூன்று நிமிடம் துள்ளாமல் சீரான சிறு ஓட்டம். வழியில் கல்லையோ மரத்தையோ சுற்றி எட்டு வடிவில் இருபக்கமும் திருப்புங்கள். கையில் ஒரு துண்டு தீனியை வைத்து, மூக்கை இடது இடுப்புவரை, வலது இடுப்புவரை வளைக்கச் சொல்லுங்கள். கடைசியாக நேர்கோட்டில் இருபது முப்பது மீட்டர் பாதி வேகத்தில் இரண்டு முறை. அதோடு அவிழ்த்துவிடலாம். இவ்வளவும் பத்து நிமிடத்துக்குள் அடங்கும். எல்லாம் முடித்துவிட்டு நண்பர் வரட்டும் என்று மறுபடி காருக்குள் ஏற்றி அரை மணி நேரம் காத்திருந்தால் செய்தது வீண், மறுபடி தொடங்க வேண்டும். ஓட்டத்துக்கு முன் வயிறு நிறையச் சோறு போடாதீர்கள், குறுகிய வயிறும் ஆழ்ந்த மார்பும் உள்ள இந்த இனங்களுக்கு இரைப்பை உப்பித் திருகிக்கொள்ளும் அபாயம் இருக்கிறது. பிற்பாடு குட்டி வாங்கினால், ஒரு வயது தாண்டும்வரை இந்த மாதிரி ஓட்டமே வேண்டாம். வளரும் எலும்பின் முனைகள் அதுவரை மூடியிருக்காது.

நாய்க்குக் காற்பாதத்தைத் தவிர வேர்க்காது, மூச்சிரைத்துத்தான் ஆற வேண்டும். சாதாரணமாக 38 முதல் 39 டிகிரி இருக்கும் உடம்பு, ஒரே ஒரு முழுவேக ஓட்டத்தில் 41-ஐத் தொட்டுவிடும். அதனால் வெயில் நாளில் ஓட்டத்தின் எண்ணிக்கையைக் குறையுங்கள். நாக்கு நீண்டு அகன்று, ஈறு சிவந்து, தள்ளாடினால் தண்ணீரை உடம்பெல்லாம் ஊற்றுங்கள், காற்றுப் படவிடுங்கள். பிறகுதான் ஆஸ்பத்திரிக்குப் புறப்பட வேண்டும். ஈரச் சாக்கைப் போர்த்தி மூடிவிடாதீர்கள், வெப்பம் உள்ளேயே தங்கிவிடும்.

கடைசியாக, அன்று தூக்கிக்கொண்ட அந்தப் பின்னங்கால். மறுநாள் சரியாகிவிட்டது என்பதை நம்பி விட்டுவிடாதீர்கள். சிறு கிழிசல் ஆறுமுன் ஓடவிட்டால் அடுத்த முறை முழுவதும் கிழியும். நாயை நிற்க வைத்து இரண்டு உட்தொடைகளையும் ஒரே நேரத்தில் இரு கைகளாலும் மெல்ல அழுத்தி ஒப்பிடுங்கள். ஒரு பக்கம் தடிப்போ குழியோ கன்றிய நிறமோ தெரிகிறதா, தொட்டால் திரும்பிப் பார்க்கிறதா என்று கவனியுங்கள். விரல்களை ஒவ்வொன்றாகப் பிரித்து முள், பிளந்த நகம் இருக்கிறதா பாருங்கள். ஒன்றும் தெரியாவிட்டாலும் இரண்டு வாரம் கயிற்றில் நடை மட்டும், மாடிப்படியும் வேண்டாம். வீட்டிலிருக்கும் வலி மாத்திரையைக் கொடுத்துவிடாதீர்கள். நாம் சாதாரணமாக விழுங்கும் ஐபுப்ரோஃபென், டைக்ளோஃபினாக் போன்றவை நாயின் இரைப்பையில் புண்ணாக்கிச் சிறுநீரகத்தையும் கெடுக்கும். இரண்டு வாரத்துக்குப் பின் ஓடவிட்டு மறுபடி காலைத் தூக்கினால், அல்லது தொடையில் வீக்கம் கண்டால், நாமக்கல் கால்நடை மருத்துவக் கல்லூரிக்கு அழைத்துப் போய் எக்ஸ்ரே எடுத்து இடுப்பு, முழங்கால், கணுக்கால் மூன்றையும் பார்த்துவிடுங்கள். போகும்போது அது நடக்கும் விதத்தை முன்னாலிருந்தும் பின்னாலிருந்தும் மொபைலில் எடுத்துக்கொண்டு போங்கள். ஆஸ்பத்திரி மேசையைக் கண்டதும் பல நாய்கள் நொண்டுவதை நிறுத்திவிடும். அந்த வீடியோ இருந்தால் மருத்துவருக்கு வேலை எளிதாகும்.